வராத மஞ்சள் காமாலையும் தள்ளுபடியான அப்பீலும்

எங்கள் அப்பீல் தள்ளுபடியானது என்று யாரிடமாவது சொன்னால், "அப்போ உங்க பக்கம்தான் தப்பு இருந்திருக்கும்" என்கிறார்கள். எங்கள் பக்கம் தப்பா சரியா என்று மேல்கோர்ட் பார்க்கவே இல்லை என்பதை அவர்களுக்கு விளக்கி விளக்கி எனக்குச் சலித்துவிட்டது. வழக்குக் கட்டைப் பிரித்து உள்ளே என்ன ஆதாரம் இருக்கிறது என்று ஒருவரும் படிக்காமலே, நாள் கணக்கிலும், நோட்டீஸ் அனுப்பக் கோர்ட்டில் கட்டுகிற பேட்டாவிலும் ஒரு பொய்யான பிரமாணப் பத்திரத்திலும் எங்கள் வழக்கு முடிந்துபோனது. 2018-ல் யாராவது ஒருவர் பக்கத்தில் உட்கார்ந்து இதையெல்லாம் சொல்லியிருந்தால் நன்றாக இருந்திருக்கும், அதனால்தான் எழுதுகிறேன். நான் வக்கீல் இல்லை, திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் கணக்கு எழுதுகிறேன். எனக்கு நடந்ததையும், நடந்த பிறகு கேட்டுத் தெரிந்துகொண்டதையும் மட்டும்தான் சொல்ல முடியும்.

ஊர் பட்டுக்கோட்டைக்குத் தெற்கே. அப்பா போன பிறகு அம்மா பெயருக்கு வந்த மனைக்கட்டில், பக்கத்து மனைக்காரர் எங்கள் மாட்டுக்கொட்டகை நிற்கிற இடம் தன்னுடையது என்று முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டார். மொத்தம் இரண்டே முக்கால் சென்ட். கோர்ட் அனுப்பிய வக்கீல் கமிஷனர் அளக்க வந்தபோது எந்தக் கல்லிலிருந்து சங்கிலி பிடிப்பது என்பதிலேயே தகராறு. அந்த அளவைத்தான் நம்பி 2018 செப்டம்பர் 12 அன்று பக்கத்து மனைக்காரர் பக்கம் தீர்ப்பானது, கொட்டகையை எடுத்துவிட்டு இடத்தை ஒப்படைக்க வேண்டும் என்று. பிள்ளையார் சதுர்த்திக்கு முதல் நாள், அதனால் தேதி மறக்காது. அம்மா போனில் அழவில்லை, "அப்பீல் போட்டுக்கலாம்னு வக்கீல் ஐயா சொல்லிட்டாரு" என்று மட்டும் சொன்னார். அந்த வார்த்தையை நாங்கள் இருவரும் முழுதாக நம்பினோம். அந்த வாரமே எனக்குக் கர்ப்பப்பை அறுவை சிகிச்சை. அம்மா கிளம்பி திருப்பூர் வந்துவிட்டார், ஆறு வாரம் என்னோடுதான் இருந்தார்.

முதல் தவறு அந்த ஆறு வாரத்தில்தான் நடந்தது. முன்சீப் கோர்ட் தீர்ப்பை எதிர்த்து சப் கோர்ட்டிலோ மாவட்ட கோர்ட்டிலோ முதல் அப்பீல் போட 30 நாள்தான். உயர் நீதிமன்றத்துக்குப் போகிற அப்பீல் என்றால் 90 நாள். தீர்ப்பின் சான்றிட்ட நகல் வாங்க ஆகிற நாட்களை இந்தக் கணக்கிலிருந்து கழித்துக்கொள்ளலாம் என்று காலவரையறைச் சட்டம் 12-ஆவது பிரிவு சொல்கிறது. ஆனால் அந்தச் சலுகை, 30 நாள் முடிவதற்குள் நகல் மனு போட்டவர்களுக்குத்தான். கெடு தாண்டிய பிறகு மனு போட்டுவிட்டு, நகல் கிடைக்க ஒரு மாதம் ஆயிற்று, அதைக் கழியுங்கள் என்று கேட்க முடியாது. "நகல் வரட்டும்மா, வந்ததும் போட்ருவோம்" என்று வக்கீல் குமாஸ்தா சொன்னதை, நகலுக்கு எழுதிப் போட்டுவிட்டார் என்று அம்மா புரிந்துகொண்டார். அம்மா வந்து கையெழுத்துப் போட்டுப் பணம் கட்டட்டும் என்று அவர் காத்திருந்திருக்கிறார். அக்டோபர் 12-ஆம் தேதியோடு 30 நாள் முடிந்தது. எனக்கு உடம்பு தேறி அம்மா ஊருக்குப் போய் நகல் மனு போட்டது அக்டோபர் 29.

கையில் நகல் இருப்பவர்கள் அதைத் திருப்பிப் பாருங்கள். மனு போட்ட நாள், ஸ்டாம்ப் கேட்ட நாள், கட்டிய நாள், நகல் தயாரான நாள், வாங்கிய நாள் என்று வரிசையாக முத்திரை குத்தித் தேதி எழுதியிருப்பார்கள். எத்தனை நாள் கழியும் என்று சப் கோர்ட் பார்ப்பது அதை வைத்துத்தான். எங்கள் நகலில் முதல் தேதியே 29-10-2018 என்று ஊதா மையில் இருக்கிறது. அது அக்டோபர் 12-க்கு முன்னால் இருந்திருந்தால் இவ்வளவு தூரம் வந்திருக்காது. தீர்ப்பு சொன்ன அன்றே, முடியாவிட்டால் மறுநாளே, நீங்களே போய் நகல் மனு போட்டு அதன் எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள். வழக்கின் தரப்பினராக நீங்களே போடலாம், வக்கீல்தான் போட வேண்டும் என்று இல்லை. அப்பீல் போடுவதா வேண்டாமா என்பதை அப்புறம் யோசித்துக்கொள்ளலாம்.

நகலுக்குக் காத்திருந்த நேரத்தில்தான் நவம்பர் 16 விடியற்காலையில் கஜா புயல் அடித்தது. எங்கள் பக்கத்தில் அதைப் பற்றிச் சொல்லவே வேண்டாம், தென்னந்தோப்பு முழுக்கச் சாய்ந்து கிடந்தது. கரண்ட் கம்பங்கள் வயலில் கிடந்தன, வாரக்கணக்கில் விளக்கு இல்லை. அம்மா வீட்டு ஓடு பறந்து, ஏழெட்டு நாள் பள்ளிக்கூடத்தில் படுத்திருந்தார். டிசம்பர் 3-ல் நகல் வந்தது, 14-ஆம் தேதி அப்பீல் தாக்கல் ஆனது, மொத்தம் 63 நாள் தாமதம். அதை மன்னிக்கச் சொல்லி அதே காலவரையறைச் சட்டம் 5-ஆவது பிரிவின்படி ஒரு மனுவும் அப்பீலோடு சேர்த்துப் போட வேண்டும். அதற்கு ஆதரவாக அம்மா பெயரில் ஒரு பிரமாணப் பத்திரம், ஆங்கிலத்தில் இரண்டு பக்கம். அம்மா நாலாம் வகுப்பு வரை படித்தவர். மேஜை ஓரத்தில் வைத்து, ஒவ்வொரு எழுத்தாகப் பார்த்துப் பார்த்துத் தமிழில் கையெழுத்துப் போட்டார். அதில் என்ன எழுதியிருக்கிறது என்று யாரும் வாசித்துக் காட்டவில்லை, அம்மாவும் கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை. இப்போது நினைத்தாலும் எனக்கு வயிறு பிசைகிற இடம் இதுதான்.

டிசம்பர் 21-ல் அந்தக் காகிதங்கள் ரிட்டர்ன் ஆயின. ரிட்டர்ன் என்றால் தள்ளுபடி இல்லை. தாக்கல் செய்ததில் குறை இருந்தால், என்ன குறை என்று எழுதி, இத்தனை நாளுக்குள் சரிசெய்து திரும்பத் தாக்கல் செய் என்று கோர்ட் அலுவலகம் திருப்பித் தரும். எங்களுக்கு எழுதியிருந்த குறைகள் மூன்று. வக்காலத்தில், அதாவது வக்கீலை நியமிக்கிற காகிதத்தில், வெல்ஃபேர் ஸ்டாம்ப் ஒட்டவில்லை, கோர்ட் கட்டணத்தில் கொஞ்சம் குறைகிறது, எதிர்த்தரப்பு ஒருவரின் அப்பா பெயர் தீர்ப்பில் இருப்பது போல இல்லை. ஒரு மதியப் பொழுதில் முடிக்கிற வேலை, பத்து நாள் கெடு. ஆனால் கட்டு வக்கீல் ஆபீஸ் அலமாரியில் கிடந்து, 2019 ஏப்ரல் 9-ல்தான் திரும்பக் கோர்ட்டுக்குப் போனது. கெடு முடிந்து 99 நாள். அதற்கு இன்னொரு தாமத மனு, இன்னொரு பிரமாணப் பத்திரம், "செலவுக்கு" ஆறாயிரம். இடையில் நான் போன் செய்தபோதெல்லாம் "ஃபைல் ஆயிடுச்சும்மா, நம்பர் ஆகணும்" என்ற ஒரே பதில்தான். அது பொய்யும் இல்லை, அதுதான் கொடுமை. ஃபைல் ஆனது, திரும்பி வந்தது, கிடந்தது. இதில் நடுவில் உள்ளதை அவர்கள் சொல்லவில்லை, கேட்க எனக்குத் தெரியவில்லை.

அப்பீலுக்கு வழக்கு எண் கொடுக்காத வரை, அதாவது நம்பர் ஆகாத வரை, தாக்கலானதற்குப் போடுகிற வெறும் எஸ்.ஆர். எண்தான் இருக்கும், வழக்கு எண்ணை வைத்து ஈ-கோர்ட்ஸ் செயலியில் தேடிப் பார்க்க முடியாது. அதனால் "போட்டாச்சா" என்று கேட்பதோடு நிறுத்தாதீர்கள். எஸ்.ஆர். எண் என்ன, ரிட்டர்ன் ஆனதா, என்ன குறை எழுதியிருக்கிறார்கள், எந்தத் தேதிக்குள் திரும்பப் போட வேண்டும், இந்த நாலையும் கேளுங்கள். ரிட்டர்ன் எழுதிய பக்கத்தைப் போட்டோ எடுத்து வாட்ஸ்ஆப்பில் அனுப்பச் சொல்லுங்கள். இப்படிக் கேட்டால் வக்கீல் கோபித்துக்கொள்வாரோ என்று நான் பயந்தேன். நல்ல வக்கீல் கோபிப்பதில்லை என்று பின்னால் இன்னொருவரிடம் போனபோதுதான் தெரிந்தது.

99 நாள் மனுவை ஜூன் மாதம் ஏற்றுக்கொண்டார்கள். திரும்பத் தாக்கல் செய்வதில் ஏற்படும் தாமதத்தைக் கோர்ட்டுகள் கொஞ்சம் தாராளமாகவே பார்க்கும் என்றார்கள். அப்புறம் 63 நாள் மனுவுக்கு எண் கொடுத்து, எதிர்த்தரப்பு மூன்று பேருக்கு நோட்டீஸ் அனுப்ப உத்தரவானது. நோட்டீஸ் போக நாம் பேட்டா கட்ட வேண்டும். மிகச் சின்னத் தொகை, நான் திருப்பூரிலிருந்து ஊருக்கு வர ஆகிற பஸ் செலவில் பாதிகூட வராது. இரண்டு வாய்தா "பேட்டா கட்ட" என்றே தள்ளிப்போயிருக்கிறது. மூன்றாவது வாய்தாவில், 2019 செப்டம்பர் 18 அன்று, பேட்டா கட்டவில்லை, மனுதாரர் ஆஜரில்லை, தள்ளுபடி. இப்போது மனுவுக்கு எண் இருந்தது, செயலியில் பார்த்திருந்தால் மூன்று வாய்தாவும் வரிசையாகத் தெரிந்திருக்கும். வழக்குக்கு வழக்கு ஒரு சி.என்.ஆர். எண் உண்டு, பதினாறு எழுத்தும் எண்ணுமாக. அதைப் போட்டால் அடுத்த தேதி எது, எதற்காக ஒத்திவைத்திருக்கிறார்கள் என்பது வரை வரும். கம்பெனியில் நாலு ரூபாய் பில் இடித்தால்கூடப் பிடித்துவிடுகிற நான், அம்மா வழக்குக்கு ஒரு தடவைகூட அதைத் திறந்து பார்க்கவில்லை.

எங்களுக்குத் தெரிந்தது 2020 ஜனவரியில், பொங்கல் கழிந்து. இடத்தை ஒப்படைக்கச் சொல்லி எதிர்த்தரப்பு போட்ட ஈ.பி.-யின், அதாவது தீர்ப்பை நிறைவேற்றித் தரக் கேட்கும் மனுவின், நோட்டீஸை கோர்ட் ஆள் கொண்டுவந்து கொடுத்தார். அம்மா கொட்டகையில் பால் கறந்துகொண்டிருந்தார். அப்பீல் போட்டாலே தீர்ப்பு நின்றுவிடும் என்றுதான் நாங்கள் நினைத்திருந்தோம். அப்படி இல்லை. தடை உத்தரவு தனியாகக் கேட்டு வாங்க வேண்டும். அதிலும் அப்பீலே கெடு தாண்டி வந்தது என்றால், தாமத மனுவில் முடிவாகி அப்பீலை விசாரிக்கலாம் என்று ஆகும் வரை கோர்ட் ஸ்டே கொடுக்க முடியாது, சிவில் நடைமுறைச் சட்டத்திலேயே அப்படி இருக்கிறது. ஆக ஒரு வருடத்துக்கும் மேல் எந்தப் பாதுகாப்பும் இல்லாமல், இருக்கிறது என்ற நினைப்பில் இருந்திருக்கிறோம். அன்று இரவு நான் தூங்கவில்லை. வக்கீல் மேல் இருந்த கோபத்தைவிட, அம்மாவுக்கு ஒரு பெண்ணாக நான் எதற்கு இருக்கிறேன் என்ற எண்ணம்தான் அறுத்தது.

வக்கீலை மாற்றினோம். மாற்றும்போது பழைய வக்கீலிடம் ஆட்சேபணை இல்லை என்று வக்காலத்தில் எழுதி வாங்க வேண்டும், கூடவே கட்டு முழுவதையும் கேட்டு வாங்க வேண்டும். இதற்கே இரண்டரை வாரம் ஓடியது. அந்த நாட்களும் நம் கணக்கில்தான் ஏறும், அதனால் சண்டை போட்டுக்கொண்டு நிற்காமல் முதலில் கையெழுத்தை வாங்கிவிடுங்கள். அப்பீலே ஆஜராகாததால் தள்ளுபடியானால் தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாளுக்குள், அதைத் திரும்ப எடுத்து விசாரிக்கக் கேட்கும் மீட்பு மனு போட வேண்டும். நமக்குத் தெரிந்த நாளிலிருந்து இல்லை. எங்களுக்குத் தள்ளுபடியானது தாமத மனு, நாங்களும் பிப்ரவரியில் மனு போட்டோம். மார்ச்சில் கொரோனா வந்து கோர்ட் மூடியது, எல்லாம் அப்படியே நின்றது. 2021 கடைசியில்தான் மீட்பு மனுவை ஏற்றார்கள், எதிர்த்தரப்புக்கு 2,500 ரூபாய் குறிப்பிட்ட தேதிக்குள் கொடுக்க வேண்டும் என்ற நிபந்தனையோடு. அந்தத் தேதி தவறினால் மனு தானாகவே செத்துவிடும். செம்மொழி எக்ஸ்பிரஸில் நள்ளிரவில் ஏறி, விடிகாலை தஞ்சாவூரில் இறங்கி, பஸ் பிடித்துப் போய் நானே கட்டிவிட்டு ரசீதைக் கையில் வாங்கிக்கொண்டுதான் ஊருக்கே போனேன்.

சரி, இனி 63 நாள் மனு மட்டும்தான் என்று தெம்பாக இருந்தோம். நாள் கணக்கு பெரிதில்லை, காரணம் நம்பும்படி இருக்கிறதா என்பதுதான் முக்கியம் என்று 1998-ல் தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லி, 883 நாள் தாமதத்தை மன்னித்திருக்கிறது. புது வக்கீல் அதைச் சொன்னபோது எனக்கு உயிர் வந்தது. அப்புறம் அவர் பழைய கட்டைப் புரட்டிவிட்டு, "அம்மாவுக்கு எப்போ மஞ்சள் காமாலை வந்தது?" என்று என்னிடம் கேட்டார். எனக்குப் புரியவில்லை. பிரமாணப் பத்திரத்தில் அப்படித்தான் இருந்தது. மனுதாரருக்கு மஞ்சள் காமாலை கண்டு, படுத்த படுக்கையாக நாட்டு வைத்தியம் பார்த்துக்கொண்டிருந்ததால் வக்கீலைச் சந்திக்க முடியவில்லையாம். பெரும்பாலான தாமத மனுக்களில் இதே நோய்தான், பழைய மனுவிலிருந்து பெயரையும் தேதியையும் மாற்றி அடிப்பார்கள், நாட்டு வைத்தியம் என்றால் சீட்டு கேட்க மாட்டார்கள் என்பது கணக்கு என்றார் அவர். அதைத் திருத்திக் கூடுதலாக ஒரு பிரமாணப் பத்திரம் போட மனு கொடுத்தோம். எதிர்த்தரப்பு கடுமையாக எதிர்த்தது, காரியம் ஆகவில்லை.

அம்மாவைக் கூண்டில் ஏற்றினார்கள். 2022 பிப்ரவரி. எதிர்த்தரப்பு வக்கீல் ரொம்ப மரியாதையாகத்தான் கேட்டார். "உங்களுக்கு மஞ்சள் காமாலைக்கு எந்த ஊரில் வைத்தியம் பார்த்தீங்கம்மா?" அம்மா கம்பியைப் பிடித்துக்கொண்டு என்னைப் பார்த்தார். அப்புறம் சொன்னார், "எனக்கு எப்பய்யா மஞ்சக்காமாலை வந்துச்சு? எம்பொண்ணுக்கு ஆபரேசன்னு திருப்பூர் போயிருந்தேன்." அதற்கு மேல் அவர் ஒன்றும் கேட்கவில்லை, உட்கார்ந்துவிட்டார். மார்ச்சில் தீர்ப்பு. பிரமாணப் பத்திரத்தில் சொன்ன காரணத்தை மனுதாரரே மறுக்கிறார், போதிய காரணம் காட்டப்படவில்லை, மனு தள்ளுபடி. மனு போனதும் அப்பீலும் போனது. உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் சீராய்வு மனு போட்டுப் பார்த்தோம், 2023-ல் அதுவும் அதே காரணத்தால் தள்ளுபடி. அந்த நீதிபதியின் மேல் எனக்கு வருத்தம் இல்லை. சத்தியம் செய்து கொடுத்த காகிதத்தில் இருப்பது பொய் என்று கண்ணெதிரே தெரிந்த பிறகு அவர் என்ன செய்வார்.

உண்மையான காரணம் எங்களிடம் காகிதமாகவே இருந்தது என்பதைத்தான் என்னால் ஜீரணிக்க முடியவில்லை. என் ஆஸ்பத்திரி டிஸ்சார்ஜ் சீட்டு இருக்கிறது, கூட இருந்தவர் என்று அம்மா பெயர் போட்ட பாஸ் இருக்கிறது, நவம்பருக்குக் கஜா இருக்கிறது. இதில் எந்தப் பொய்யும் தேவையே இல்லை. அதனால் தயவுசெய்து கேட்டுக்கொள்கிறேன், உங்கள் பெயரில் எந்தப் பிரமாணப் பத்திரம் வந்தாலும் வரி வரியாகத் தமிழில் வாசித்துக் காட்டச் சொல்லுங்கள். கீழமை நீதிமன்றங்களில் தமிழ்தான் கோர்ட் மொழி, தமிழிலேயே எழுதித் தரச் சொல்லலாம். கெடு முடிந்த நாளிலிருந்து தாக்கல் செய்த நாள் வரை எங்கே இருந்தீர்கள், என்ன செய்தீர்கள் என்று நீங்களே ஒரு தாளில் எழுதிக் கொடுங்கள். அதற்கான சீட்டுகளையும் சேர்த்துக் கொடுங்கள். சாதாரணக் காரணமாகத் தோன்றினாலும் பரவாயில்லை, கூண்டில் நிற்கும்போது உங்கள் வாயில் வரப்போவது அதுதான்.

இன்னொன்றும் தாமதமாகத்தான் தெரிந்தது. பெண்களுக்கு வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு, 1987-ஆம் வருடச் சட்டம் அது. தாலுகா கோர்ட் வளாகத்திலேயே சட்டப் பணிகள் குழு அலுவலகம் இருக்கும், 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்தாலும் வழி சொல்வார்கள். அம்மா அந்த அலுவலகத்தைத் தாண்டித்தான் ஒவ்வொரு வாய்தாவுக்கும் நடந்திருக்கிறார். அப்பீல் நடக்கும்போது யாராவது இறந்துவிட்டால், எந்தத் தரப்பாக இருந்தாலும், 90 நாளுக்குள் வாரிசுகளைச் சேர்க்க மனு போட வேண்டும் என்பதையும் சொல்லிவிடுகிறேன். எங்களுக்கு அது நேரவில்லை, ஆனால் மதுரையில் எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஒரு பெரியவருக்கு அதில்தான் எல்லாம் போயிருந்தது.

செலவைக் கூட்டிப் பார்த்தேன். அப்பீலுக்கு முதல் வக்கீலுக்கு 20,000, ரிட்டர்ன் செலவு 6,000, மீட்பு மனுவுக்கு 15,000, நிபந்தனைத் தொகை 2,500, ஈ.பி.-யில் எதிர்வாதத்துக்கு 12,000, மதுரைக்கு 45,000, பஸ் ரயில் சாப்பாடு எல்லாம் சேர்த்து ஒரு 28,000. மொத்தம் 1,28,500 ரூபாய். இதில் நான் சம்பளம் இல்லாமல் போட்ட லீவு சேரவில்லை.

கோர்ட் அமீனா வந்து இடத்தை எதிர்த்தரப்புக்கு ஒப்படைத்த அன்று நானும் ஊரில் இருந்தேன். கீற்றை முந்தின நாளே நாங்களே பிரித்து வைத்துவிட்டோம். மாட்டை வேப்பமரத்தடியில் கட்டினோம், அது பழைய இடத்தையே பார்த்துக்கொண்டு கத்தியது. எல்லாரும் போன பிறகு அம்மா திண்ணையில் உட்கார்ந்து, ரொம்ப நேரம் கழித்து என்னிடம் கேட்டார். "காமாலைன்னு எதுக்குப் போட்டாங்க? கஜான்னு போட்டிருக்கலாமே. அதுதான் ஊருக்கே தெரியுமே."